காக்கா தொட்டவர்களின் அறை

மூன்று வாரமாக என் மகளின் சாப்பாட்டு டப்பா கொண்டுபோன மாதிரியே திரும்பி வந்துகொண்டிருந்தது. ஒன்றாம் வகுப்பு, ஆறு வயது இன்னும் முடியவில்லை. காலையில் வைத்த தயிர்சாதம் மாலையில் புளித்து, மேலே போட்ட மாதுளை முத்துகள் சாயம் விட்டு, அப்படியே இருக்கும். கேட்டால் "பசிக்கலை" என்பாள். வீட்டுக்கு வந்ததும் பால்கனிக் கதவைச் சாத்தச் சொல்லிவிட்டு மூன்று தோசை தின்பாள். கதவைச் சாத்தச் சொன்னதை அப்போது நான் கவனிக்கவில்லை. தோசையை எண்ணிக்கொண்டிருந்தேன்.

என்னால் முடிந்ததையெல்லாம் செய்தேன். பூச்சி மருந்து கொடுத்தேன். ரத்தம் எடுத்துப் பார்த்தோம். குழந்தை பிறப்பதற்கு முன்னால் குடிநீர்ப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்த்தவள் நான், படித்தது வேதியியல். ரிப்போர்ட்டை டாக்டருக்கு முன்னால் நானே படித்துவிட்டேன். எதுவும் கூடவில்லை, எதுவும் குறையவில்லை. எனக்கு அதுவே பயமாக இருந்தது.

டீச்சர் போனில் ஒரு விஷயம் சொன்னார். குழந்தைகள் வராந்தாவில் வரிசையாக உட்கார்ந்து சாப்பிடும்போது காக்காக்கள் வருமாம். மற்றவர்கள் விரட்டி விளையாடுவார்களாம். இவள் மட்டும் அலறிக்கொண்டு டப்பாவை மூடி வகுப்புக்குள் ஓடிவிடுவாளாம். காக்கா எங்கேயாவது கொத்தியிருக்குமோ என்று அன்றைக்கே டார்ச் அடித்து, முடியைப் பிரித்துப் பிரித்து அவள் தலையைப் பார்த்தேன். காயம் எதுவும் இல்லை. பேன் ஒன்று இருந்தது.

எங்கள் வீட்டில் சமையல் ஆனதும் காக்காவுக்கு ஒரு பிடி சாதம் வைத்த பிறகுதான் யாரும் சாப்பிடுவது. மலையாளம் பேசுகிற ஊர், கரமனையில் இரண்டாம் மாடி ஃபிளாட். பால்கனிச் சுவர்மேல் நெய்விட்ட சாதத்தை வைத்து, இரண்டு மூன்று தடவை கூப்பிடுவேன். போய்ச் சேர்ந்தவர்கள் அந்த உருவத்தில் வந்து சாப்பிடுகிறார்கள் என்று நம்பிக்கை. டீச்சர் சொன்னதைக் கேட்ட பிறகு, அவர்களுக்கு ஏதும் குறை வைத்துவிட்டேனோ, அதனால்தான் குழந்தையைப் பயமுறுத்துகிறார்களோ என்று பட்டது. மறுநாளிலிருந்து ஒரு பிடியை இரண்டு பிடியாக்கினேன். இரண்டு காக்கா வந்த இடத்தில் ஐந்தாறு வந்தன. மகள் படுக்கையறைக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

"நீ யோசிச்சு யோசிச்சு அவளையும் யோசிக்க வெச்சுடுவே" என்றார் என் கணவர். அவருக்கு எல்லாமே தானாகச் சரியாகிவிடும்.

அப்படி இருக்கும்போதுதான் பள்ளியிலிருந்து அந்த மியூசியத்துக்குக் கூட்டிப்போவதாகச் சொன்னார்கள். நகரத்துக்கு வெளியே, ரப்பர் தோட்டங்களுக்கு நடுவில் ஒரு மேட்டு நிலம். பல ஊர்களிலிருந்து பழைய வீடுகளைப் பிரித்து எடுத்துவந்து, அங்கே மறுபடியும் அப்படியே நிறுத்தி வைத்திருக்கிறார்கள். துணைக்கு இரண்டு அம்மாக்கள் வேண்டுமாம். "நீங்க வரணும். நீங்க பக்கத்துல இருந்தா அவ கழிக்கும்" என்று டீச்சர் மலையாளமும் தமிழுமாகச் சொன்னார். பக்கத்தில் இருந்தால் சாப்பிடுவாள் என்கிறார். சரி என்று சொல்லிவிட்டுக் காலண்டரைப் பார்த்தேன். அது எனக்கு இரண்டாம் நாளாக இருந்தது.

இதைச் சொல்லாமல் மேலே போக முடியாது. மாதத்தில் மூன்று நாள் நான் வீட்டில் ஒதுங்கியிருப்பேன். ஃபிளாட்டில் அதற்கென்று இடம் ஏது. சமையலறையை ஒட்டிய ஸ்டோர் ரூமில், அரிசி டின்னுக்கும் பழைய ஃபேனுக்கும் நடுவில் ஒரு பாய், ஒரு தலையணை. எனக்கென்று ஒரு எவர்சில்வர் தட்டும் டம்ளரும். மற்ற தட்டுகளோடு கலந்துவிடாமல் இருக்க, ஓரத்தில் சிவப்பு நெயில் பாலிஷால் ஒரு புள்ளி. அந்த மூன்று நாளும் என் கணவர் சாதம் மட்டும் வைப்பார், குழம்பும் கறியும் தெருமுனை மெஸ்ஸிலிருந்து வரும். காக்காவுக்கும் அவர்தான் வைப்பார்.

யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை. இதை எழுதும்போது இன்னும் கூசுகிறது. மாமியார் இருந்தவரை அவருக்காகச் செய்தேன் என்று சொல்லலாம். அவர் போய் இரண்டு வருஷம் ஆகிறது. "உனக்கு வேண்டாம்னா விட்டுடேன்" என்று இவர் ஒரு தடவை சொன்னார். நான் விடவில்லை. கல்யாணமான புதிதில் பெங்களூரில் இருந்தோம். அங்கே எதையும் பார்க்கவில்லை, எல்லா நாளும் ஒரே மாதிரி சமைத்தேன், விளக்கேற்றினேன். அங்கேதான் முதல் கர்ப்பம் மூன்றாம் மாதத்தில் கலைந்தது. இரண்டுக்கும் சம்பந்தம் கிடையாது என்று யாருக்கும் நான் பாடமே எடுப்பேன். ஆனால் அடுத்த தடவை வயிற்றில் உயிர் தங்கியபோது, மனதுக்குள் ஏதோ ஒன்றிடம், இனிமேல் ஒழுங்காக இருப்பேன் என்று சொல்லிவிட்டேன். சொன்ன வாக்கை எப்படித் திரும்ப எடுப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

மகளுக்கு மூன்று வயதிருக்கும்போது, ஸ்டோர் ரூமுக்குள் ஓடிவந்து மேலே விழப் பார்த்தாள். "தொடாதே, அம்மாவை காக்கா தொட்டுடுத்து" என்றேன். என் அம்மா எனக்குச் சொன்னது, அவளுக்கு அவள் அம்மா சொன்னது. எங்கள் தெருக்களில் எல்லாக் குழந்தைகளுக்கும் சொல்வதுதான். அவள் நின்றுவிட்டாள். அதற்குப் பிறகு எப்போதும் வாசற்படியிலேயே நின்று பேசினாள். எவ்வளவு சமத்து என்று நான் பெருமைப்பட்டிருக்கிறேன்.

வெளியே கிளம்பிவிட்டால் இந்தக் கணக்கெல்லாம் கிடையாது என்று நானே ஒரு விதி வைத்திருந்தேன். பஸ்ஸில் யார் மேல் யார் இடிக்கிறார்கள் என்று யார் பார்ப்பது. அதனால் மியூசியத்துக்குப் போவதில் தப்பில்லை என்று முடிவு செய்தேன். முடிவு செய்த பிறகும் நாலு தடவை யோசித்தேன்.

பள்ளி பஸ்ஸில் மகள் ஜன்னலோரம் உட்கார்ந்தாள். நான் பக்கத்தில் உட்கார்ந்ததும், முதுகிலிருந்த பையைக் கழற்றி எங்கள் இருவருக்கும் நடுவில் வைத்தாள். பஸ் வளைவில் திரும்பும்போதெல்லாம் பையை ஒரு கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டாள். டப்பா கவிழ்ந்துவிடும் என்று பார்க்கிறாள் என்றுதான் நினைத்தேன்.

மியூசியத்தில் எங்களுக்கு வழிகாட்ட ஒரு பெண் வந்தாள். சின்னப் பெண்தான், கல்லூரியை இப்போதுதான் முடித்திருப்பாள். "மக்களே, ஒண்ணும் தொடருது, கேட்டோ" என்று சிரித்துக்கொண்டே ஆரம்பித்தாள். பிள்ளைகள் எதையும் தொடக் கூடாது என்கிறாள். முப்பது குழந்தைகளும் உடனே கையைப் பின்னால் கட்டிக்கொண்டார்கள். முதலில் வயல்வேலை செய்தவர்களின் ஓலைக் குடிசை. ஒரே அறை, குனிந்துதான் நுழைய வேண்டும். "இதுல எத்தனை பேர் தூங்குவாங்க?" என்று கேட்டாள். குழந்தைகள் இரண்டு, மூன்று என்றார்கள். பதினொரு பேர் என்றாள். அடுத்தது நாலு கட்டு வைத்த பெரிய வீடு, நாலுகெட்டு. நடுமுற்றம், நெல் கொட்டிவைக்கும் மர அறை, அதற்குப் பூட்டு. அந்த வீட்டின் ஒவ்வொரு உத்தரத்திலும் ஒவ்வொரு பலகையிலும் சின்னத் தகடு அடித்து எண் போட்டிருந்தது. பிரிக்கும்போது போட்ட எண். அதைப் பார்த்துத்தான் திரும்பச் சேர்த்தார்களாம். என் மகளுக்கு அது பிடித்துப்போனது. எண்களை வாசித்துக்கொண்டே போனாள். "அம்மா, நாற்பத்திரெண்டு இருக்கு, நாற்பத்திமூணு இல்லை! எங்கே போச்சு?" என்று கத்தினாள். வழிகாட்டிப் பெண்ணே தேடிப் பார்த்து, தூணுக்குப் பின்னால் கண்டுபிடித்துக் காட்டினாள். மூன்று வாரத்தில் அவள் அப்படிச் சிரித்து நான் பார்க்கவில்லை. நல்லவேளை வந்தோம் என்று நினைத்தேன்.

மூன்றாவது, ஒரு அக்ரஹார வீடு. ரயில் பெட்டி மாதிரி ஒன்றன்பின் ஒன்றாக அறைகள். எங்கள் ஊர்ப்பக்கத்து வீடுதான். உள்ளே நுழைந்ததும் எனக்கு எது எங்கே இருக்கும் என்று தெரிந்தது. கூடம், சமையல் உள், கிணற்றடி. கிணற்றடியைத் தாண்டி, மாட்டுக்கொட்டிலுக்கு முன்னால், தாழ்ந்த கூரையோடு ஒரு சின்ன அறை. ஜன்னல் கிடையாது. மகள் எண்களை வாசித்துக்கொண்டே எனக்கு முன்னால் போய் அதன் வாசலில் நின்றுவிட்டாள். மற்ற குழந்தைகளும் போய்ச் சூழ்ந்துகொண்டார்கள். நான் அவர்கள் தலைகளுக்கு மேலாகப் பார்த்தேன்.

சுருட்டி நிறுத்திய ஒரு பாய். ஒரு கொடிக்கயிறு. தரையில் ஒரு அலுமினியத் தட்டு, ஒரு டம்ளர். தட்டின் ஓரத்தில், பழசாகிக் கறுத்துப்போன சிவப்புப் பெயிண்டில், ஒரு புள்ளி.

யாரோ என் ஸ்டோர் ரூமைத் திறந்து, விளக்கு போட்டு, முன்னால் கயிறு கட்டிக் காட்சிக்கு வைத்திருந்த மாதிரி இருந்தது.

"இந்த அறையில வீட்டுப் பெண்கள் மாசத்துல மூணு நாள் தங்குவாங்க" என்றாள் வழிகாட்டிப் பெண். "இந்தத் தட்டுல வேற யாரும் சாப்பிட மாட்டாங்க. அதுக்குத்தான் புள்ளி."

"ஏன் மிஸ்?" என்றது ஒரு குரல்.

முன்னால் நிற்பவர்கள் எல்லாம் ஆறு வயசு என்பது அப்போதுதான் அவளுக்கு நினைவு வந்திருக்க வேண்டும். கொஞ்சம் தடுமாறினாள். "அது... அவங்களுக்கு ரெஸ்ட் வேணும்லே, அதுக்கு. இப்போ யாரும் இப்படி இல்லை மக்களே. அந்தக் காலத்துல."

"ரெஸ்ட் இல்லை" என்றாள் என் மகள். வகுப்பில் பேசுகிற மாதிரி, கையைத் தூக்கி, சுத்தமான மலையாளத்தில். "காக்கா தொட்டா இங்கே இருக்கணும். எங்க வீட்டுல இப்பவும் இருக்கு. எங்க அம்மா தட்டுலயும் புள்ளி உண்டு. நெயில் பாலிஷ்."

ஒரு பையன் சிரித்தான். "காக்கா தொட்டா என்ன? குளிச்சா போச்சு."

"குளிச்சாலும் போகாது. மூணு நாள் ஆகணும். அதுவரை யாரும் தொடக் கூடாது." அவள் அவனுக்குப் பொறுமையாக விளக்கினாள். "அப்பாவைக் காக்கா தொடாது. அம்மாவைத்தான் தொடும். அப்புறம் என்னைத் தொடும்."

யாரும் சிரிக்கவில்லை. டீச்சர் என்னைப் பார்த்தார், உடனே பார்வையைத் திருப்பிக்கொண்டார். மதிய வேளையில் காக்கா, டப்பா, அலறல், எல்லாம் அவருக்கும் அந்த நிமிஷம்தான் ஒன்றோடொன்று சேர்ந்திருக்க வேண்டும். வழிகாட்டிப் பெண் மட்டும் என் பக்கம் வந்து, தாழ்ந்த குரலில், கேலியே இல்லாமல் கேட்டாள்: "நிஜமா சேச்சி? இப்பவுமா?"

குழந்தைகளை விலக்கிக்கொண்டு போய் மகளைத் தூக்கக் கை நீட்டினேன்.

அவள் பின்னால் துள்ளி, முதுகைச் சுவரில் ஒட்டிக்கொண்டாள்.

"தொடாதே! உனக்கு இன்னிக்கு ரெண்டாம் நாள்!"

நான் அதற்கு முன்னால் அவளிடம் அடி வாங்கியிருக்கிறேன், கடி வாங்கியிருக்கிறேன். என்னைப் பார்த்து அவள் பயந்து நான் பார்த்ததில்லை. பஸ்ஸில் பையை எதற்காக நடுவில் வைத்தாள் என்று அப்போது புரிந்தது.

டீச்சர் நல்லவர். "வாங்க வாங்க, அடுத்தது பசுத்தொழுவம்" என்று கைதட்டிக் குழந்தைகளை ஓட்டிக்கொண்டு போனார். நாங்கள் இருவரும் அந்த அறை வாசலில் நின்றோம். நான் கொஞ்சம் தள்ளித் தரையில் உட்கார்ந்தேன். அங்கே உட்காரலாமா கூடாதா என்றுகூட யோசிக்கவில்லை.

"அம்மாவை காக்கா தொடலைடீ கண்ணா."

"நீதான் சொன்னே."

"பொய் சொன்னேன்."

"ஒவ்வொரு தடவையுமா?"

"ஒவ்வொரு தடவையும்."

அவள் நம்பவில்லை. "நீதான் அதைக் கூப்பிடறே. தினம் சாதம் வெச்சு, வா வான்னு கூப்பிடறே. நான் கதவைச் சாத்துன்னு சொன்னேன்ல, அப்புறமும் நீ ரெண்டு பிடி வெச்சே. நெறையா வந்துது." மூச்சு வாங்கியது அவளுக்கு. "ஸ்கூல்லயும் வர்றது. டப்பாவைத் தொறந்தா வர்றது. என்னைத் தொட்டுடுத்துன்னா நீ என்னை ஸ்டோர் ரூம்ல போட்டுடுவே. நான் தனியா படுத்துக்க மாட்டேன்."

மூன்று வாரமாக நான் ரத்தத்தில் தேடினேன், வயிற்றில் தேடினேன், தலைமுடியில் தேடினேன். தினமும் காலையில் பால்கனியில் நின்று, அவளுடைய பயத்தைப் பெயர் சொல்லி அழைத்து, அதற்கு நெய்ச்சாதமும் போட்டிருக்கிறேன். குறைந்துவிடக் கூடாதென்று இரண்டு பிடி.

"யாரையும் எங்கேயும் போட மாட்டேன்" என்றேன். "காக்கா ஒண்ணும் பண்ணாது. அது சாதம் திங்க வர்றது, அவ்வளவுதான்."

"அப்போ உன்னை ஏன் தொடக் கூடாது?"

எத்தனையோ பேருக்கு எத்தனையோ பதில் வைத்திருந்தேன். அந்தக் காலத்தில் பெண்களுக்கு ஓய்வு வேண்டும் என்று வைத்தார்கள், சுகாதாரம், மனசுக்கு ஒரு திருப்தி. ஜன்னல் இல்லாத அந்த அறைக்கு முன்னால் ஒன்றைக்கூட எடுத்து அவளிடம் நீட்ட முடியவில்லை.

"தெரியலை" என்றேன்.

நான் அப்படிச் சொல்லி அவள் கேட்டதே இல்லை. என் முகத்தையே பார்த்தாள். பிறகு சுவரை விட்டு வந்து, ஒரு விரலால், சுடுகிறதா என்று இட்லித் தட்டைத் தொட்டுப் பார்க்கிற மாதிரி, என் முழங்கையைத் தொட்டாள். உடனே கையை எடுத்து விரலை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தாள். மறுபடியும் தொட்டாள்.

மதியச் சாப்பாடு ஒரு பலாமரத்தடியில். எங்கும் போல அங்கேயும் காக்கா இருந்தது. மகள் டப்பாவைத் திறக்காமல் மடியில் வைத்திருந்தாள். "நீ முதல்ல சாப்பிடு. என் ஸ்பூன்லயே" என்றாள். நான் சாப்பிட்டேன். விழுங்குகிறேனா என்று பார்த்தாள். ஏதாவது ஆகிறதா என்று கொஞ்ச நேரம் காத்திருந்தாள். பிறகு அதே ஸ்பூனில் நாலு வாய் சாப்பிட்டாள். ஐந்தாவது வாயில் ஒரு காக்கா கிளையிலிருந்து கீழே இறங்கியது, டப்பாவை மூடிவிட்டாள். ஆனால் ஓடவில்லை. என் புடவைத் தலைப்பைக் கையில் சுற்றிக்கொண்டாள். திரும்பும்போது பஸ்ஸில் பை அவள் காலடியில் கிடந்தது.

இதோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுத எனக்கு ஆசைதான். அன்று சாயங்காலம் கதவைத் திறந்ததும் என் கால் தானாக ஸ்டோர் ரூம் பக்கம் திரும்பியது. மகள் பார்த்துக்கொண்டிருந்தாள். காலை இழுத்துக்கொண்டு சமையலறைக்குப் போய் அவளுக்குப் பால் காய்ச்சினேன். பெங்களூருக்குப் பிறகு அந்த நாளில் நான் அடுப்பைத் தொட்டது அதுதான் முதல் தடவை. மியூசியம் போய் வந்த மூன்றாம் நாள் அவளுக்குக் காய்ச்சல் வந்தது. வகுப்பில் பாதிப் பேருக்குக் காய்ச்சல் என்று டீச்சர் சொன்னார். தெர்மாமீட்டரைப் பார்த்துக்கொண்டே நான் என்ன நினைத்தேன் என்று சொல்ல வேண்டியதில்லை. "பாத்தியா, பாத்தியா" என்று உள்ளே ஒன்று சொல்லிக்கொண்டே இருந்தது. இவரிடம் சொன்னேன்.

"அந்தப் பசங்க வீட்டுலயெல்லாம் யாரு அடுப்பைத் தொட்டா?" என்றார் அவர், மாத்திரையை உடைத்துக்கொண்டே.

என்னால் சிரிக்க முடியவில்லை. ஆனால் குழந்தையின் கையை விடவும் இல்லை. இரண்டு நாளில் காய்ச்சல் இறங்கியது.

அடுத்த மாதம், எனக்கு முதல் நாள் காலை. பாயைச் சுருட்டி ஸ்டோர் ரூமிலேயேதான் வைத்திருந்தேன். தூக்கிப் போட இன்னும் தைரியம் வரவில்லை. அதன் முன்னால் எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியவில்லை. மகள் யூனிஃபார்மோடு பின்னால் வந்து நின்றாள்.

"காக்கா தொட்டுடுத்தா?"

"இல்லை."

"பின்னே?"

பெரிய பெண்களுக்கு மாதம் ஒரு தடவை உடம்பிலிருந்து கொஞ்சம் ரத்தம் வரும், அது வியாதி இல்லை, சில நாளில் தானே நின்றுவிடும் என்றேன். இவ்வளவுதான். மூன்று தலைமுறையாகக் காக்காவைக் கூப்பிட்டுச் சொல்லவைத்த விஷயம் அரை நிமிஷத்தில் முடிந்துவிட்டது.

"வலிக்குமா?"

"கொஞ்சம் வலிக்கும்."

யோசித்தாள். "அப்போ நீ உட்கார்ந்துக்கோ" என்றாள்.

நான் உட்காரவில்லை. சமைத்தேன். சாதம் வடித்ததும் பழக்கத்தில் ஒரு பிடி எடுத்து நெய் விட்டேன். பால்கனிக்குப் போகும்போது அவள் வழியை மறித்துக்கொண்டு கை நீட்டினாள். கிண்ணத்தைக் கொடுத்தேன். எட்டாத சுவர், ஸ்டூலை இழுத்துப் போட்டு ஏறினாள். நான் பின்னால் நின்று அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டேன். சாதத்தை வைத்துவிட்டு அவசரமாகக் கையை இழுத்துக்கொண்டாள்.

"கூப்பிடு" என்றேன்.

"கூப்பிட மாட்டேன். அதுக்கு வேணும்னா அதுவா வரட்டும்."

ஸ்டூலிலிருந்து இறங்கிக் கதவுக்கு இந்தப் பக்கம் வந்து நின்றாள். கதவைச் சாத்தவில்லை. அன்று சாயங்காலம் டப்பாவில் பாதி காலியாக இருந்தது. மீதிப் பாதியை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.